தூண்டில் முனையில் ஓர் உண்மை
(ஜி. இ. எம். ஸ்கியூஸ் வாழ்க்கை வரலாறு)

இரண்டாம் ஆண்டு, பி.எஸ்சி. (விலங்கியல்)

உண்மையைத் தேடிச் சென்றவர்கள் ஒரே பாதையில் சென்றதில்லை. கலிலியோ அதனை வானத்தில் தேடினார். மெண்டல் மடத்துத் தோட்டத்தின் பட்டாணிச் செடிகளில் தேடினார். மீன்பிடிக்கும் தூண்டிலின் முனையில் உண்மையைத் தேடிய ஒருவரும் இருந்தார் என்றால் தோழர்கள் சிலர் நகைக்கக்கூடும். ஆயினும் அது நடந்தது. இங்கிலாந்தின் ஒரு சிற்றாற்றங்கரையில் அரை நூற்றாண்டுக்கு மேல் நடந்தது. அம்மனிதரின் பெயர் ஜார்ஜ் எட்வர்டு மெக்கன்சி ஸ்கியூஸ். தூண்டில்காரர்களின் உலகில் அவர் பெயரை அறியாதவர் இலர். விலங்கியல் பயிலும் நம்மில் அவரை அறிந்தவர் மிகச் சிலரே. அக்குறையைச் சிறிதேனும் போக்கும் நோக்குடன் இக்கட்டுரை எழுதப்படுகிறது.

ஈயால் மீன் பிடித்தல்

ஸ்கியூஸின் பெருமையை உணர வேண்டுமானால், அவர் ஈடுபட்ட கலை எத்தகையது என்பதை முதலில் அறிதல் வேண்டும். நம் ஊர்க் கண்மாய்களில் தூண்டில் போடுவோர் முள்ளில் மண்புழுவைக் கோத்துத் தக்கை அசையும்வரை காத்திருப்பர். மேனாட்டில் டிரௌட் என்னும் மீனைப் பிடிப்போர் கையாளும் முறை வேறு. அங்கு முள்ளில் உயிருள்ள இரை ஏதும் இராது. சிறு முள்ளின்மீது பட்டு நூல் சுற்றி, கோழியின் கழுத்து இறகையும் விலங்குகளின் மென்மயிரையும் கட்டி, பார்ப்பதற்கு ஒரு பூச்சி போலவே செய்துவிடுவார்கள். இதற்குச் செயற்கை ஈ என்று பெயர். எடையே இல்லாத அந்த ஈயை எப்படித் தொலைவுக்கு வீசுவது? தூண்டில் கயிற்றைக் கனமாகச் செய்து, வளையும் கோலால் அக்கயிற்றைச் சாட்டை போல் முன்னும் பின்னும் வீசி, ஈயைக் குறித்த இடத்தில் இறக்குவார்கள்.

மீன் ஏமாற வேண்டுமானால், அந்த நேரத்தில் அந்த மீன் எந்தப் பூச்சியைத் தின்கிறதோ அதைப் போன்றே ஈ அமைய வேண்டும். ஆகவே நல்ல தூண்டில்காரன் பூச்சியியலும் ஓரளவு கற்றவனாக இருத்தல் வேண்டும். 1836ஆம் ஆண்டிலேயே ஆல்பிரெட் ரொனால்ட்ஸ் என்பவர் தூண்டில்காரர்களுக்கென ஒரு பூச்சியியல் நூல் எழுதி வெளியிட்டார் என்பது இங்கு நினைவுகூரத்தக்கது.

பிறப்பும் கல்வியும்

ஸ்கியூஸ் 1858ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்களில் நியூபவுண்ட்லாந்துத் தீவின் செயின்ட் ஜான்ஸ் நகரில் பிறந்தார். தந்தையார் படையில் பணிபுரிந்த மருத்துவர். குழந்தைப் பருவத்திலேயே ஸ்கியூஸ் இங்கிலாந்துக்கு வந்து சேர்ந்தார். 1872ஆம் ஆண்டு, பதினான்கு வயதில், உதவித்தொகை பெற்று வின்செஸ்டர் பள்ளியில் இடம் பெற்றார்.

வின்செஸ்டர் நகரின் வழியே இட்சென் ஆறு ஓடுகிறது. தூண்டில் கலைக்கு 1653இல் புகழ்பெற்ற நூலொன்றை எழுதிய ஐசக் வால்டன், 1683இல் மறைந்தபின் அடக்கம் செய்யப்பட்டது அந்நகரின் பேராலயத்திலேதான். அத்தகைய மண்ணில் பயின்ற சிறுவனுக்கு ஆற்றின்மீது நாட்டம் பிறந்ததில் வியப்பில்லை. பள்ளி நாள்களிலேயே ஸ்கியூஸ் இட்சென் கரையில் தூண்டில் பிடிக்கக் கற்றுக்கொண்டார்.

பள்ளிப் படிப்பு முடிந்தபின் அவர் பல்கலைக்கழகம் செல்லவில்லை. லண்டனில் ஒரு சட்ட அலுவலகத்தில் பயிற்சியாளராகச் சேர்ந்தார். 1880களில் சொலிசிட்டராகத் தகுதி பெற்றார். பின்னர் அதே அலுவலகத்தில் பங்குதாரருமானார். 1940ஆம் ஆண்டு ஓய்வு பெறும்வரை அதுவே அவர் தொழில். சொலிசிட்டர் என்பவர் ஆவணங்களைப் படித்துச் சாட்சியங்களைச் சலித்து வழக்கைக் கட்டியெழுப்புபவர். கேள்விப்பட்டதை நம்பாமல் கண்ணால் கண்ட சான்றைக் கேட்கும் பழக்கம் அவருக்கு அத்தொழிலிலிருந்தே வந்திருக்க வேண்டும். அவர் திருமணம் செய்துகொள்ளவில்லை. அவருடைய ஓய்வு நாள்கள் ஆற்றுக்கே உரியவையாயின.

சுண்ணாம்பு மண்ணின் ஆறுகள்

1883ஆம் ஆண்டு, அலுவலகத் தொடர்பின் மூலம், வின்செஸ்டருக்கு அருகில் அபட்ஸ் பார்ட்டன் என்னும் இடத்தில் இட்சென் ஆற்றில் மீன் பிடிக்கும் வாய்ப்பு அவருக்குக் கிட்டியது. அன்று தொடங்கிய தொடர்பு ஐம்பத்தைந்து ஆண்டுகள் நீடித்தது.

இட்சென் போன்ற ஆறுகள் உலகில் மிகச் சில இடங்களிலேயே உள்ளன. அவற்றில் பெரும்பாலானவை இங்கிலாந்தில்தாம். அங்குப் பெய்யும் மழைநீர் உடனே ஆறாக ஓடிவிடுவதில்லை. மென்மையான சுண்ணாம்புப் பாறைக்குள் இறங்கி, பஞ்சில் வடிகட்டியது போல் வடிகட்டப்பட்டு, மாதக்கணக்கில் கழித்து ஊற்றாக வெளிவருகிறது. ஆகவே கோடையிலும் குளிரிலும் ஊற்றின் வெப்பநிலை ஏறக்குறைய 10 டிகிரி செல்சியஸ் அளவிலேயே நிற்கிறது. நீர் கண்ணாடி போல் தெளிந்திருக்கும். நீர்ப்பாசியும் நீர்ச்செடியும் செழிக்கும். செடி செழித்தால் பூச்சி செழிக்கும். பூச்சி செழித்தால் மீன் கொழுக்கும். அதே சமயம் நீரின் தெளிவால் மீன் மனிதனை எளிதில் கண்டுகொள்ளும். அங்கு டிரௌட்டை ஏமாற்றுவது எளிய செயலன்று.

சட்டமாகிப்போன ஒரு நூல்

ஸ்கியூஸ் ஆற்றில் இறங்கிய அக்காலத்தில், அந்த ஆறுகளில் ஒருவருடைய சொல்லே வேதமாக இருந்தது. அவர் பிரெடரிக் ஹால்ஃபோர்டு. 1844இல் பிறந்த அவர் உழைப்பாளி, நுணுக்கமான பார்வையுடையவர். மாரியாட் என்னும் நண்பரின் துணையுடன் ஆற்றுப் பூச்சிகளை ஆராய்ந்து, 1886இல் மிதக்கும் ஈக்களைக் கட்டும் முறை பற்றியும், 1889இல் உலர் ஈ முறையின் கொள்கையும் செயலும் பற்றியும் இரு நூல்களை வெளியிட்டார்.

உலர் ஈ என்பது நீர்ப்பரப்பின்மீது நனையாமல் மிதக்கும் செயற்கை ஈ. பரப்பில் மிதந்துவரும் சிறகுள்ள பூச்சியைத் தின்னும் மீனைக் கண்ணால் கண்டு, அதற்கு மேற்புறத்தில் உலர் ஈயை வீசி, இயல்பாக மிதந்துவரச் செய்து பிடிப்பதே அம்முறை. அது அழகிய முறை என்பதில் ஐயமில்லை. ஆனால் ஹால்ஃபோர்டின் தொண்டர்கள் நாளடைவில் அதனை ஒரே முறையாக்கிவிட்டார்கள். நீருக்குள் மூழ்கும் ஈயைச் சுண்ணாம்பு ஆறுகளில் பயன்படுத்துவது பண்பற்ற செயல் என்று கருதப்பட்டது. நூல் சட்டமாயிற்று. சட்டம் சமயமாயிற்று.

மூழ்கிய ஈ

இளைஞர் ஸ்கியூஸும் தொடக்கத்தில் ஹால்ஃபோர்டின் மாணவரே. அந்நூல்களைக் கற்று உலர் ஈயையே வீசினார். 1890களில் ஒரு நாள் அவருடைய ஈ சரியாக மிதக்காமல் நீருக்குள் மூழ்கிவிட்டது. நூலின்படி அது தோல்வி. ஆனால் மீன் அந்த மூழ்கிய ஈயையே கவ்வியது. ஒருமுறை நடந்திருந்தால் தற்செயல் என்று தள்ளிவிடலாம். அன்று அது மீண்டும் நடந்தது.

அந்த இடத்தில் பலர் வெற்றி கண்ட மகிழ்ச்சியோடு வீடு திரும்பியிருப்பார்கள். ஸ்கியூஸ் காரணத்தைத் தேடினார். ஸ்காட்லாந்தின் டபிள்யூ. சி. ஸ்டூவர்ட் 1857இல் எழுதிய நூலில், மூழ்கும் ஈயை ஆற்றின் போக்குக்கு எதிராக மேல்நோக்கி வீசும் முறை கூறப்பட்டிருந்தது. அது சுண்ணாம்பு ஆற்றுக்கும் ஏன் பொருந்தாது என்பது அவர் எழுப்பிய கேள்வி. ஆனால் அதைவிட ஆழமான ஒரு கேள்வியும் அதன் பின்னே நின்றது. நீர்ப்பரப்பில் பூச்சியே இல்லாதபோதும் பரப்புக்குக் கீழே புரண்டு புரண்டு மீன் எதைத் தின்கிறது?

ஒரு நாள் வாழ்வும் ஓராண்டு வாழ்வும்

இங்கே நம் விலங்கியல் பாடம் துணைக்கு வருகிறது. சுண்ணாம்பு ஆற்று டிரௌட்டின் தலையாய உணவுகளுள் ஒன்று மே ஈக்கள் எனப்படும் எபிமெராப்டிரா வரிசைப் பூச்சிகள். மழைக்குப்பின் நம் வீட்டு விளக்கைச் சூழும் ஈசலைப் போல இவையும் சிறகு முளைத்தபின் நெடுநாள் வாழ்வதில்லை. சில மணி நேரமோ சில நாள்களோதாம். சிறகுள்ள பருவத்தில் இவற்றுக்கு உண்ணும் வாயே இல்லை. இணைந்து, முட்டையிட்டு, மடிந்துவிடும்.

ஆனால் அந்தச் சிறகு முளைக்குமுன் அவை வாழும் வாழ்வோ பல மாதங்கள். சில இனங்களில் ஓராண்டு, ஈராண்டு கூட. அந்நாள்கள் அனைத்தும் நீருக்கடியில் கழிகின்றன. அப்பருவத்திற்கு நிம்ஃப் என்று பெயர். வயிற்றின் இரு பக்கமும் செவுள்கள், பின்னே இரண்டோ மூன்றோ வால் இழைகள், முதுகில் மடிந்து கிடக்கும் சிறகுறை. வளர்ச்சி முடிந்ததும் நிம்ஃப் பரப்பை நோக்கி மேலேறி, தோலுரித்துச் சிறகுடன் வெளிவரும். அவ்வாறு மேலேறும் நிம்ஃபை டிரௌட் பரப்புக்குச் சற்றுக் கீழேயே மடக்கித் தின்றுவிடும். அப்போது நீரின் மேல்தோல் கிழியாது. உள்ளிருந்து புடைத்தாற்போல் வீங்கி அடங்கும். கரையிலிருந்து பார்ப்பவனுக்கு மீன் மிதக்கும் ஈயைத் தின்பது போலவே தோன்றும். அவனும் மிதக்கும் ஈயையே மணிக்கணக்கில் வீசிக்கொண்டிருப்பான். மீனோ அதனைத் திரும்பியும் பாராது.

ஹால்ஃபோர்டும் இதனை அறியாதவரல்லர். அவரும் மீனின் வயிற்றைத் திறந்து பார்த்து நிம்ஃபுகளைக் கண்டவரே. ஆனால் அவற்றைப் போலச் செய்து மீனை ஏமாற்றும் முயற்சியில் அவருக்கு வெற்றி கிட்டவில்லை. அம்முயற்சியை அவர் கைவிட்டார். அவர் நிறுத்திய இடத்திலிருந்து ஸ்கியூஸ் தொடங்கினார்.

மஜ்ஜைக் கரண்டி

ஸ்கியூஸின் ஆய்வுக் கருவிகள் மிக எளியவை. அந்நாளைய மேனாட்டுச் சாப்பாட்டு மேசைகளில் எலும்புக்குள் இருக்கும் மஜ்ஜையைத் தோண்டி எடுக்க ஒரு நீண்ட ஒடுங்கிய கரண்டி இருக்கும். அதனை அவர் ஆற்றுக்கு எடுத்துச் சென்றார். பிடித்துக் கொன்ற மீனின் தொண்டை வழியே அக்கரண்டியைச் செலுத்தித் திருப்பி எடுத்தால், மீன் கடைசியாக உண்ட உணவு அதில் வந்துவிடும். அதனை ஒரு சிறு வெள்ளைத் தட்டில் நீர் ஊற்றி இட்டு அலசுவார். கூழாகத் தெரிந்தது தனித்தனிப் பூச்சியாகப் பிரியும். எத்தனை சிறகுள்ளவை, எத்தனை நிம்ஃபுகள், என்ன நிறம், என்ன பருமன் என்று பார்ப்பார். பின்னர் அந்த நிம்ஃபின் நிறத்துக்கும் அளவுக்கும் ஏற்ப மெல்லிய மயிரால் உடலும், குறுகிய மென்மையான இறகால் கால்களும் அமைத்து முள்ளில் கட்டுவார்.

நாம் ஆய்வகத்தில் செய்முறைத் தேர்வுக்காகச் செய்வதை அவர் ஆற்றங்கரைப் புல்லில் அமர்ந்து, தம் ஐயம் தீர்வதற்காகச் செய்தார். மதிப்பெண் போடுவோர் எவரும் அங்கில்லை. மீன் ஒன்றே தேர்வாளர்.

அவர் செய்த நிம்ஃபை வீசும் முறையிலும் ஒழுங்கு இருந்தது. கண்ட இடத்தில் போட்டு இழுப்பதை அவர் ஏற்கவில்லை. உணவு உண்டுகொண்டிருக்கும் ஒரு மீனைக் கண்ணால் கண்டு, அதற்கு மேற்புறமாக வீசி, நிம்ஃப் பரப்புக்குச் சற்றுக் கீழே நீரோட்டத்தோடு இயல்பாக மிதந்துவரச் செய்வார். மீன் வாங்கியதை அறிய நீருக்கடியில் தோன்றும் மிகச் சிறு அசைவையோ கயிற்றின் சிறு தயக்கத்தையோ கவனிக்க வேண்டும். உலர் ஈ முறையைவிட இதற்குக் கூர்மையான கண் வேண்டும். ஆகவே இது சோம்பேறிகளின் வழி என்ற பழி பொருந்தாது.

நூல்களும் எதிர்ப்பும்

தம் கண்டுபிடிப்புகளை ஸ்கியூஸ் பல ஆண்டுகள் புனைபெயர்களில் இதழ்களில் எழுதிவந்தார். 1910ஆம் ஆண்டு, ஐம்பதைக் கடந்த வயதில், அவருடைய முதல் நூல் வெளிவந்தது. ‘மைனர் டாக்டிக்ஸ் ஆஃப் தி சாக் ஸ்ட்ரீம்’ என்பது அதன் பெயர். சுண்ணாம்பு ஆற்றுக்குரிய சிறு உத்திகள் என்று பொருள்படும். தலைப்பிலேயே அடக்கம் தெரிகிறது. உலர் ஈயை ஒழிக்க வேண்டும் என்று அவர் எழுதவில்லை. அவரே உலர் ஈயைக் கையாண்டவர். அது பயன்படாத நேரத்தில் இதனையும் பயன்படுத்தலாம் என்பதே அவர் வாதம்.

அந்த அடக்கமான வாதமே பெரும் எதிர்ப்பைக் கிளப்பியது. லண்டனில் 1884இல் நிறுவப்பட்ட ஈத்தூண்டில்காரர் சங்கத்தில் இரு தரப்பினரும் உறுப்பினர். அங்கு ஹால்ஃபோர்டு ஒருமுறை ஸ்கியூஸை நோக்கி, அவர் எழுதிய முறையில் இட்சென் ஆற்றில் மீன் பிடிக்கவே இயலாது என்று கூறியதாகவும், தாம் அவ்வாறு பிடித்திருப்பதாக ஸ்கியூஸ் அமைதியாக மறுமொழி தந்ததாகவும் ஒரு செய்தி வழங்கிவருகிறது. இருவர் இயல்பையும் காட்ட இச்செய்தி ஒன்றே போதும். ஹால்ஃபோர்டு 1914இல் மறைந்தார். அவர் மறைந்தாலும் அவர்தம் தொண்டர்கள் தளரவில்லை.

1921இல் ஸ்கியூஸின் இரண்டாம் நூல் வெளிவந்தது. மீனின் பார்வை எத்தகையது, அது ஈயை எவ்வாறு காண்கிறது, எந்தப் பூச்சியைத் தின்னும்போது நீரில் எத்தகைய வளையம் எழும் என்றெல்லாம் அதில் ஆராய்ந்தார். இயற்பியல் பயின்றோர் இதன் சுவையை எளிதில் உணர்வர். நீரின் ஒளிவிலகல் எண் ஏறக்குறைய 1.33. மாறுநிலைக் கோணம் ஏறக்குறைய 48.6 டிகிரி. ஆகவே நீருக்குள்ளிருந்து மேல்நோக்கும் மீனுக்கு, தலைக்கு மேலே ஏறக்குறைய 97 டிகிரி கோணமுள்ள ஒரு வட்டச் சாளரத்தின் வழியே மட்டுமே வெளியுலகம் தெரியும். அச்சாளரத்துக்கு அப்பால் நீர்ப்பரப்பு கண்ணாடியாகி ஆற்றின் அடியையே பிரதிபலிக்கும். மிதக்கும் ஈ அக்கண்ணாடியில் கால்கள் அழுத்திய சிறு ஒளிப்புள்ளிகளாகத்தான் முதலில் தெரியும். நீருக்குள் இருக்கும் நிம்ஃபோ எவ்விடத்திலும் முழுமையாகத் தெரியும். கரையில் நிற்கும் மனிதன் காணும் உலகமும் மீன் காணும் உலகமும் வேறு வேறு. மீனைப் பற்றி அறிய விரும்புவோன் மீனின் இடத்திலிருந்து காணக் கற்க வேண்டும்.

மறைத்துக் காத்த ஒரு செய்தி

ஸ்கியூஸின் உள்ளத்தைக் காட்டும் நிகழ்ச்சி ஒன்றையும் கூறுதல் தகும். டெவன்ஷயரைச் சேர்ந்த ஆஸ்டின் என்பவர் சிறந்த செயற்கை ஈ ஒன்றை உருவாக்கினார். அதன் உடலுக்குரிய மயிர்க்கலவையில் ஆட்டுக்கிடாயின் மயிரும் சேரும். அந்த இரகசியத்தை ஸ்கியூஸ் அறிவார். அந்த ஈக்குப் பெயர் சூட்டியவரும் அவரே. ஆஸ்டின் மறைந்தபின் அவர் மகளார் அந்த ஈயைக் கட்டி விற்று வாழ்ந்துவந்தார். எழுத்தாளராகிய ஸ்கியூஸ் ஒரு வரி எழுதியிருந்தால் போதும், ஊரெல்லாம் அந்த ஈயைக் கட்டத் தொடங்கியிருக்கும். அவர் எழுதவில்லை. அந்த அம்மையார் தொழிலை விட்ட பின்னரே இரகசியம் வெளிவந்தது. அறிவைப் பரப்புவது கடமை என்று வாழ்ந்தவர், ஒருவருடைய பிழைப்பைக் காக்கும் பொருட்டுப் பல்லாண்டுகள் வாய் திறவாதிருந்தார்.

நகைச்சுவையிலும் அவர் குறைந்தவரல்லர். அவர் எழுதிய கதை ஒன்றில், தூண்டில்காரர் ஒருவர் இறந்தபின் ஓர் அழகிய ஆற்றங்கரைக்கு அழைத்துச் செல்லப்படுகிறார். முதல் வீச்சிலேயே கொழுத்த மீன். அடுத்த வீச்சிலும் அதே இடத்தில் அதே அளவு மீன். மீண்டும் மீண்டும் அதுவே. வேறிடம் செல்லலாமா என்றால் அனுமதியில்லை. நிறுத்தலாமா என்றால் அதுவுமில்லை. தாம் வந்திருப்பது சொர்க்கமன்று என்பதை அவர் இறுதியில் உணர்கிறார். தோல்வியே இல்லாத வேட்டை தண்டனை என்பதை இதனினும் சுருக்கமாக யார் சொல்ல இயலும்?

எண்பது வயதில் இழப்பு

ஆண்டுகள் உருண்டன. 1938ஆம் ஆண்டு பிப்ரவரியில், ஈத்தூண்டில்காரர் சங்கத்தில் நிம்ஃப் முறை தக்கதா தகாததா என்று ஒரு விவாதமே நடந்தது. ஸ்கியூஸ் அப்போது எண்பதை நெருங்கிக்கொண்டிருந்தார். எதிரணியில் வலிமையுள்ள பேச்சாளர்கள் இருந்தார்கள். அவை அவர்பக்கம் சாயவில்லை. அதே ஆண்டின் முடிவில் அவர் அபட்ஸ் பார்ட்டனையும் விட்டு வெளியேறினார். அந்த நீர்ப்பகுதியைப் பகிர்ந்துகொண்டிருந்தோரிடையே அவர் முறைக்கு எழுந்த எதிர்ப்பே காரணம். ஐம்பத்தைந்து ஆண்டுகள் நடந்த கரை. ஒவ்வொரு வளைவும் ஒவ்வொரு மதகும் மனப்பாடமான ஆறு. உலர் ஈயையே வீசுகிறேன் என்று ஒரு சொல் சொல்லியிருந்தால் அங்கேயே இருந்திருக்கலாம். அச்சொல்லை அவர் சொல்லவில்லை.

அவர் சோர்ந்தும் அமரவில்லை. அடுத்த ஆண்டே, 1939இல், சுண்ணாம்பு ஆற்று டிரௌட்டை நிம்ஃபால் பிடிப்பது பற்றித் தம் வாழ்நாள் ஆராய்ச்சியைத் திரட்டித் தனி நூலாக வெளியிட்டார். ஓய்வுக்குப்பின் வில்ட்ஷயரில் நாடர் ஆற்றங்கரையில் தங்கி மீன் பிடித்தார். 1949 ஆகஸ்டில், தம் 91ஆம் பிறந்தநாளுக்குச் சில நாள்களே இருந்த நிலையில், இயற்கை எய்தினார். அவருடைய சாம்பல் இட்சென் கரையில் தூவப்பட்டது. உயிரோடு விட்டுவந்த ஆற்றுக்கு அவர் அவ்வாறு திரும்பினார்.

விதை மரமானது

ஸ்கியூஸ் தோற்றாரா? வரலாறு வேறு விடை தருகிறது. அமெரிக்காவில் தியோடர் கார்டன், பென்சில்வேனியாவின் ஜேம்ஸ் லீசன்ரிங் ஆகியோர் அவருடன் கடிதத் தொடர்பு கொண்டனர்; லீசன்ரிங் அம்முறையைத் தம் நாட்டு ஆறுகளுக்கு ஏற்ப வளர்த்தார். இங்கிலாந்தில் ஏவன் ஆற்றின் காவலராகப் பணிபுரிந்த ஃபிராங்க் சாயர் என்பவரின் திறமையை ஸ்கியூஸ் முதுமையிலும் கண்டுகொண்டு ஊக்கப்படுத்தினார். அந்தச் சாயர் 1958இல் நிம்ஃபுகளைப் பற்றி எழுதிய நூலும், செம்புக் கம்பியும் பெசன்ட் பறவையின் வால் இறகும் கொண்டு கட்டிய நிம்ஃபும் உலகெங்கும் பரவின.

இன்று தூண்டில்காரர்கள் மே ஈயோடு நிற்கவில்லை. நம் சிறுவர்கள் நூல் கட்டி விளையாடும் தட்டானை எடுத்துக்கொள்வோம். அதன் இளம்பருவமும் நீருக்குள்ளேயே கழிகிறது. மங்கிய பழுப்பும் பச்சையும் கலந்த நிறம். தடித்த வயிறு. கீழுதடு மடிந்த கைபோல் முகத்தை மூடியிருக்கும். இரை அருகில் வந்தால் மின்னல் வேகத்தில் அதனை நீட்டிப் பற்றும். கொசுப் புழு, தலைப்பிரட்டை, சிறு மீன் எதுவும் தப்பாது. ஆபத்து வந்தால் குடலின் பின்பகுதியில் இழுத்த நீரைப் பீய்ச்சி முன்னோக்கிப் பாயும். ஜெட் விமானத்தின் தத்துவத்தை மனிதனுக்கு முன்பே கையாண்ட உயிர் இது.

ஏரிகளில் டிரௌட் பிடிப்போர் இந்தத் தட்டான் நிம்ஃபைப் போலவே பருத்த உருவங்களைக் கட்டுகிறார்கள். அதனை ஏரியின் அடிப்பகுதியில், நீர்ச்செடிகளை ஒட்டி, சிறிது இழுத்துச் சிறிது நிறுத்தி, மீண்டும் இழுத்து வருகிறார்கள். நிம்ஃப் நீரைப் பீய்ச்சிப் பாயும் பாய்ச்சலை அது ஒத்திருக்கிறது. மே ஈ போல் நடுநீரில் மேலேறாமல், தட்டான் பெரும்பாலும் கரையோரத் தண்டைப் பற்றியேறித் தோலுரிப்பதால், உருவத்தைக் கரையை நோக்கி இழுப்பதே முறை. ஸ்கியூஸ் இட்சென் ஆற்றில் செய்தது இதுவன்று. ஓடும் நீரில் இழுக்காமல் மிதக்கவிட்டவர் அவர். எனினும் அடிப்படை ஒன்றே. உயிர் எங்கே வாழ்கிறது, எப்படி அசைகிறது, மீன் அதனை எங்கே சந்திக்கிறது என்பதைக் கண்டறிந்து அதன்படி செய்வதே அந்த அடிப்படை.

டிரௌட் நம் நாட்டு மீனன்று. ஆயினும் ஆங்கிலேயர் காலத்தில் நீலகிரிக்குக் கொண்டுவரப்பட்டு அவலாஞ்சியில் குஞ்சு பொரிப்பகமும் அமைந்ததால், அம்மலையின் குளிர்ந்த நீர்களில் அதன் குலம் இடம்பெற்றது. அங்கு விடப்பட்டுப் பெருகியது அமெரிக்காவின் மேற்குக் கரையைச் சேர்ந்த வானவில் டிரௌட். ஸ்கியூஸின் மீன் ஐரோப்பாவின் பழுப்பு டிரௌட்.

நாம் கற்க வேண்டியது

பெரும்பாலான மே ஈ இனங்களின் நிம்ஃபுகள் மிகவும் மாசடைந்த நீரில் வாழா. அதனாலேயே ஆற்றுநீரின் தூய்மையை அளக்கும் அறிவியலார் இன்று நிம்ஃபுகளை எண்ணிப் பார்க்கிறார்கள். சுண்ணாம்பு ஆறுகளும் இன்று நீர் உறிஞ்சப்படுவதாலும் கழிவு கலப்பதாலும் நலிந்து வருகின்றன. வெள்ளைத் தட்டில் ஸ்கியூஸ் எண்ணிய அந்தச் சிறு உயிர்கள் ஆற்றின் நலத்துக்கே சாட்சி சொல்கின்றன. ஒருவர் தம் ஆர்வத்துக்காகச் செய்த ஆராய்ச்சி எங்கெல்லாம் பயன்படும் என்பதை யாரும் முன்கூட்டிச் சொல்ல இயலாது.

எங்கள் குடும்பத்தில் கல்லூரிப் படியேறிய முதல் ஆள் நான். அச்சிட்ட எழுத்தென்றால் எங்கள் வீட்டில் தனி மரியாதை. நூலில் உள்ளது தவறாக இருக்கக்கூடும் என்ற நினைப்பே எங்களைப் போன்றோர்க்கு எளிதில் வருவதில்லை. ஸ்கியூஸும் நூலை மதித்தவர்தாம். ஹால்ஃபோர்டை இறுதிவரை இழிவாகப் பேசாதவர். ஆனால் நூல் ஒன்று சொல்லி, மீனின் வயிறு வேறொன்று சொன்னபோது, அவர் மீனின் வயிற்றை நம்பினார். அதற்காகத் தாம் மிகவும் நேசித்த ஆற்றையே விலையாகக் கொடுத்தார். பட்டம் பெறாத ஒரு சட்ட அலுவலகத்துக்காரர் செய்ததைப் பட்டம் பெறப்போகும் நாம் செய்யாமலிருப்பது முறையாகுமா?

இட்சென் போன்ற ஆறுகளின் சில பகுதிகளில் இன்றும் ஆண்டின் முதற்பகுதியில் உலர் ஈ மட்டுமே அனுமதிக்கப்படுகிறது. ஆனால் கோடை முற்றியதும் நிம்ஃபும் நீரில் இறங்குகிறது. அதனைத் தடுக்க இன்று எவரும் விவாதம் கூட்டுவதில்லை. நம் ஆய்வகத்திலும் ஒரு வெள்ளைத் தட்டு இருக்கிறது. ஊருணியும் வாய்க்காலும் நம் அனைவர் ஊரிலும் இருக்கின்றன. அவற்றின் ஒரு கைப்பிடி நீரை அத்தட்டில் ஊற்றிப் பார்க்கத் தொடங்குவோமாக!